மேல வயல்

அத்தியாயம் 12

சிவப்புப் பிடியை ஒரே இழுப்பாக இழுத்தான் தங்கதுரை.

விமானத்தின் வயிற்றுக் கதவு திறந்துகொண்டது. தொட்டியில் இருந்த பூச்சிமருந்து மொத்தமும் ஒரே கொட்டாகக் கீழே போயிற்று. பாரம் கழிந்த விமானம் துள்ளியது.

அந்தத் துள்ளல் போதாது.

கம்பிகள் மூன்றும் முகத்துக்கு நேரே வந்துகொண்டிருந்தன. பனிக்குள் இத்தனை நேரம் எங்கே ஒளிந்திருந்தன என்று யோசிக்க நேரமில்லை. ஸ்டிக்கை வயிற்றோடு சேர்த்து இழுத்தான். எஞ்சின் அலறியது. மூக்கு நிமிர்ந்து, கண்ணாடி முழுக்க வெறும் வெள்ளை. இறக்கைகள் நடுங்க ஆரம்பித்தன. இன்னும் கொஞ்சம் இழுத்தால் இறக்கை காற்றைக் கைவிட்டுவிடும். விமானம் கல் மாதிரி விழும். இழுப்பதை விட்டால் கம்பி. இரண்டுக்கும் நடுவே மயிரிழை இடம்தான் இருந்தது. அந்த இடத்தில் கையை நிறுத்தி, பல்லைக் கடித்துக்கொண்டு காத்திருந்தான்.

அடியில் எதுவோ ‘கிர்ர்’ரென்று உரசியது. நீலமாக ஒரு பொறி வெட்டி அணைந்தது.

சக்கரம்தான். சக்கரம் மட்டும்தான்.

அடுத்த கணம் பனிக்கு மேலே வெயில் இருந்தது. கீழே பாரூர் ஏரி, அடுப்பில் வைத்த சட்டி மாதிரி ஆவி விட்டுக்கொண்டு கிடந்தது. 

இதே கம்பி. ஒரு மாதத்துக்கு முன்னால் இதே கம்பிதான் அண்ணன் மாரிமுத்துவைக் கொன்றது.

நெல்லில் புகையான் பூச்சி விழுந்து வட்டம் வட்டமாகக் காய்ந்துகொண்டிருந்த கார்த்திகை அது. ஆகாயத்திலிருந்து மருந்தடிக்கும் பெங்களூர்க் கம்பெனி ஒன்று ஒற்றை ஆள் உட்காரும் சிறு விமானம் ஒன்றை அனுப்பியிருந்தது. அது அண்ணனோடு நொறுங்கியபின் வந்த, அதே மாதிரி விமானம்தான் இது. பைலட்டுகள் இரண்டு பேர். சங்கரன்கோவில் பக்கத்து அண்ணனும் தம்பியும். ஊர்க்காரர்களுக்கு அண்ணன் பெரியவர், தம்பி சின்னவர். மத்திகிரியில் வாடகை வீடு. மருந்தடிப்புக் காலம் முடியும்வரை போச்சம்பள்ளியில் முகாம்.

ஆள் உயரத்தில் பறக்கும் வேலை. நெல்லின் நுனி சக்கரத்தைத் தடவும். வரப்பும் வாய்க்காலும் நூறு மைல் வேகத்தில் காலுக்கடியில் ஓடும். வயலின் கடைசியில் மூக்கைத் தூக்கி, ஒரு இறக்கையை வானத்துக்குக் காட்டித் திரும்பும்போது நெஞ்சுக்குள் ஒரு குளிர்ச்சி பரவும். அதை ஒருதரம் ருசித்தவன் பயணிகள் விமானத்தைக் கொடுத்தாலும் வேண்டாம் என்பான். மாரிமுத்து வேண்டாம் என்றவன்தான்.

ஆனால் அந்த உயரத்தில் கம்பி கண்ணில் படாது. விமானத்தில் ரேடியோவும் கிடையாது. அதனால் வயலுக்கு மேற்கே ஓடும் மின்கம்பிக்கு நேர் அடியில் ஒரு ஆள் சிவப்புக் கொடியோடு நிற்க வேண்டும். கொடி கிட்டே வந்தால் பைலட் ஏறிவிடுவான். அவ்வளவுதான் ஏற்பாடு.

அண்ணன் செத்த அன்று கொடி பிடித்தவன் திம்மப்பன். தங்கதுரையின் மனைவி பார்வதிக்குக் கூடப் பிறந்த தம்பி. மோதிய இடத்துக்கு முதலில் ஓடிச் சேர்ந்தவனும் அவன்தான். “மோதின ஒடனே போயிட்டாருங்க, ஒண்ணும் தெரிஞ்சிருக்காது” என்றான். “நான் கம்பிக்கு அடியிலதான் கொடியோட நின்னேன். பெரியவருதான் பாக்கல” என்றும் சொன்னான். விசாரணையில் இரண்டையும் எழுதிக்கொண்டார்கள். ‘பைலட்டின் கவனக்குறைவு’ என்று முடிவு எழுத இருந்தார்கள்.

அதை இறுதி செய்ய டெல்லியிலிருந்து வந்த அதிகாரி இன்று பிற்பகல் வருகிறார். தங்கதுரையின் வாக்குமூலம் ஒன்றுதான் பாக்கி.

இந்த நிலையில்தான் இன்றைக்கும் கொடியைக் காணோம். இல்லை, கண்டான். வலப்பக்கம் வெகு தூரத்தில், ஏரிக்கரை ஓரமாகப் பனியில் சிவப்பாக அசைந்தது. கொடி தூரமென்றால் கம்பியும் தூரம்தானே என்று நம்பி, தாழவே பறந்தான்.

யார் வேலை இது?

*

போச்சம்பள்ளி மேய்ச்சல் நிலத்தில் சமன் செய்த மண்பாதையில் விமானம் தடதடத்து நின்றது. குறுக்கே புகுந்த ஆடுகளைப் பூச்சி விரட்டுவதுபோல் விரட்டிக்கொண்டே மேனேஜர் நாராயணப்பன் ஓடி வந்தார். முதலில் பைலட்டைப் பார்க்கவில்லை, சக்கரத்தைத்தான் பார்த்தார். ரப்பரில் ஒரு கருப்புக் கோடு எரிந்திருந்தது.

“என்ன கேப்டன் இது?”

“கம்பி.”

நாராயணப்பனின் முகம் சுண்டிவிட்டது. “மத்தியானம் ஆபீசர் வர்றாரு. இன்னைக்குப் பார்த்தா? இத அவர்கிட்ட மூச்சு விட்றாதீங்க. டயரை மாத்திடச் சொல்றேன்.”

“டயரை மாத்துங்க. கொடி புடிச்சவன் எங்கே?”

கொடி பிடித்தவன் தானே வந்துகொண்டிருந்தான். சைக்கிள் கேரியரில் கொடிக் கம்பை நீட்டிக் கட்டிக்கொண்டு, வேட்டியை மடித்துக்கட்டிய ஆஞ்சப்பன். பாரூர்க்காரன். அவனே நெல் போட்டிருப்பவன். இன்றைக்குத்தான் முதல் தடவையாகக் கொடியைத் தொட்டான்.

வழக்கமாகக் கொடி பிடிக்கும் ஆள்களைக் காலையில் கூட்டிவருவது திம்மப்பன். அண்ணன் போனபிறகு அவன் கொடியைத் தொடவில்லை. மருந்து கலக்கும் வேலைக்குப் போய்விட்டான். ஆனால் தினமும் காலையில் தங்கதுரை யாருக்கு இடம் சொன்னாலும், கலக்கிய கையோடு ஓடி வந்து நடுவில் நின்று, கன்னடத்தில் ஒருதரம் தமிழில் ஒருதரம் திருப்பிச் சொல்வான். ‘இவன் என்ன, நான் சொல்வதற்கு அரும்பதவுரையா?’ என்று தங்கதுரைக்கு எரிச்சலாக வரும். இன்றைக்கு அந்தத் தொல்லை இல்லை. அதிகாரியை அழைத்துவர ஜீப்பில் கிருஷ்ணகிரி போயிருந்தான் திம்மப்பன்.

ஆஞ்சப்பன் சைக்கிளைவிட்டு இறங்குமுன்பே ஆரம்பித்தான். “ஏங்க சாமி, மருந்தெல்லாம் வாய்க்கால்ல ஊத்திட்டீங்களே! மீனெல்லாம் வெள்ளையா மல்லாந்துட்டு மொதக்குது. என் நெல்லுக்கு என்ன பண்றது?”

தங்கதுரை அவன் சட்டையைப் பிடித்துவிட்டான். “எங்கய்யா நின்னே நீ?”

“விடுங்க சாமி! நீங்க நிக்கச் சொன்ன எடத்துலதான்.”

“மேல வயல்னு படிச்சுப் படிச்சுச் சொன்னேன்!”

“மேல வயல்லதாங்க நின்னேன். கொடிய ஆட்டி ஆட்டிக் கைதான் கழண்டுபோச்சு.”

“பொய் சொல்லாதே. மேல வயல்ல நின்னிருந்தா உன் தலைக்கு மேல கம்பி இருக்கணும். இருந்ததா?”

ஆஞ்சப்பன் விழித்தான். நாராயணப்பனைப் பார்த்தான், இந்த ஆளுக்கு ஏதாவது ஆகிவிட்டதா என்பதுபோல. “மேல வயல்ல ஏதுங்க கம்பி? கம்பி மேக்காலதானே போவுது!”

பிடித்திருந்த கை தளர்ந்தது.

“அப்ப மேல வயல் எது?”

“ஏரிக்கரைய ஒட்டி, மேட்டுல இருக்குதே அது. ஏரித் தண்ணி மொதல்ல பாயறது மேல வயலு. கடசியில பாயறது கீழ வயலு. எங்கூர்ல ஆட்டுக்குட்டிக்குக்கூடத் தெரியும்.” சட்டையை நீவிவிட்டுக்கொண்டான். “மேக்குன்னா மேக்குன்னு சொல்லோணும். மேலன்னா எப்படிங்க? நீங்க எந்தூருங்க?”



தங்கதுரையின் ஊரில் மேலத்தெரு மேற்கே இருந்தது. கீழத்தெரு கிழக்கே. மேலக்காடு, மேலக்கிணறு, மேலக்கடைசி வீடு. சூரியன் விழும் பக்கம் மேல. பேச்சு வந்த நாளாய் அப்படித்தான். வயல் விஷயத்தில் அதற்கு இன்னொரு அர்த்தம் இருக்க முடியும் என்று நினைத்துக்கூடப் பார்த்ததில்லை.

ஒரு மாதத்துக்கு முந்தைய காலை, கேட்காமலே வந்து எதிரே நின்றது. அன்று அண்ணன் முறை. மாரிமுத்து உள்ளே ஏறி உட்கார்ந்துவிட்டான். எஞ்சின் இரைந்துகொண்டிருந்தது. வழக்கமான வயல்கள் முடிந்து, கம்பி ஓடும் பக்கத்துக்கு அன்றுதான் முதல் நாள். கொடியோடு நின்ற திம்மப்பனிடம், இரைச்சலை மீறி, கையைக் குவித்துக் கத்தியவன் யார்?

‘மேல வயலுக்குப் போலே! மேல வயலு!’

திம்மப்பன் தலையாட்டிவிட்டு ஓடினான். சொன்ன இடத்துக்கு.

“கேப்டன், தண்ணி குடிக்கிறீங்களா?” என்றார் நாராயணப்பன். “முகமே சரியில்லையே.”

*

முகாம் வீட்டு வாசலில் அம்மா பேச்சியம்மாள் காத்திருந்தாள். மகன் செத்த நாளிலிருந்து அவள் கால் நீட்டி உட்கார்ந்ததில்லை. எந்த நேரமும் எங்கேயோ புறப்படத் தயாரானவள்போல நின்றுகொண்டேதான் இருப்பாள்.

“எய்யா துரை, கை கழுவிட்டு வா. ரெண்டு வாய் சாப்ட்டுட்டு அந்த ஆபீசர் வாறதுக்குள்ள தெம்பா இருக்கணும்லா.”

பார்வதி தட்டை வைத்தாள். யார் முகத்தையும் பார்க்காமல் சோற்றைப் போட்டாள்.

“நேரா சொல்லிரு” என்றாள் அம்மா. “எம் புள்ள கண்ணு பருந்துக் கண்ணு. ஒரு கொடி அவன் கண்ணுக்குத் தெரியாம போவுமா? கொடியே அங்க இல்ல. புடிச்ச பய எங்கயோ படுத்துத் தூங்கிட்டான். அவன உள்ள வைக்கணும்னு சொல்லிரு. செத்தவம் மேல பழியப் போட்டுட்டு, இவன் சட்ட போட்டுக்கிட்டு ஜீப்புல ஊர்கோலம் போறாம்லா.”

“அத்தே, திம்மப்பன் தூங்கறவன் இல்ல” என்றாள் பார்வதி, தட்டைப் பார்த்தபடி.

“உன் தம்பியச் சொன்னா உனக்குச் சுடும். எனக்குச் சுட்டது சுடுகாட்டுல.”

 இந்த ஒரு மாதமாக இதுதான் சாப்பாடு. அண்ணன் பெயரைக் காப்பாற்றுகிறேன் என்று அம்மாவின் கையைப் பிடித்துச் சத்தியம் செய்திருந்தான் தங்கதுரை. காப்பாற்றினால் திம்மப்பன் ஜெயிலுக்குப் போவான். பார்வதி இந்த வீட்டில் இருப்பாளா என்பது அப்புறம்தான் தெரியும். அந்த இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுப்பதே கொடுமை என்று நேற்று வரை நினைத்திருந்தான்.

இன்று பழிக்கு மூன்றாவது ஆள் ஒருவன் வந்துவிட்டான். அவனேதான்.

சோற்றைப் பிசைந்த விரல் நின்றது. “பார்வதி.”

“ம்.”

“கல்யாணமான புதுசுல, மத்திகிரி வீட்ல அம்மா உன்கிட்டச் சொளகு எடுத்துட்டு வரச் சொன்னாளே. அன்னிக்கு நீ என்ன பண்ணினே?”

“இப்ப எதுக்குலே அந்தக் கத?” என்றாள் அம்மா.

பார்வதியின் உதட்டோரம் தன்னையறியாமல் லேசாக அசைந்தது. ஒரு மாதத்தில் முதல் தடவை. “முறம் மேல ரூம்புல இருக்குன்னாங்க. நான் ஏணி போட்டுப் பரண் ஏறிட்டேன். ஒரே தூசு. அத்தே மேக்குப் பக்க ரூம்பச் சொல்லியிருக்காங்க. எங்க வீட்ல கன்னடந்தானே, மேலேன்னா மேலேதான்…” கையை உயர்த்திக் கூரையைக் காட்டினாள். “உங்கண்ணன் வயித்தப் புடிச்சுட்டுச் சிரிச்சாரு. ஒரு மாசம் என்னப் ‘பரண் பார்வதி’ன்னுதான் கூப்…”

உயர்த்திய கை அப்படியே நின்றது.

தங்கதுரை அவளை நிமிர்ந்து பார்த்தான். அவள் பேச்சு எங்கே போய்ச் சேர்ந்தது என்பது அவள் கண்ணிலேயே தெரிந்தது.

“யாரு சொன்னது?” பார்வதி கையை இறக்கினாள். “நீங்களா?”

அவன் ஆமென்று தலையை அசைத்தான்.

“என்னல, புருஷனும் பொண்டாட்டியும் கண்ணாலயே பேசிக்கிடுதிய?” அம்மா இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள். “ஏ பிள்ள, சோத்தப் போடு. வெறுங்கைய நக்கவா?”

பார்வதி கரண்டியை எடுத்தாள்.  

வாசலில் ஜீப் வந்து நின்றது.

*

முன்னறையில் அதிகாரியை உட்காரவைத்து, இளநீரைச் சீவிக் கொடுத்துக்கொண்டிருந்தார் நாராயணப்பன். வழுக்கைத் தலை, மெலிந்த உடம்பு, அளந்த பேச்சு அதிகாரிக்கு. “அவசரமில்லை, கேப்டன். ஒரு ஐந்து நிமிட வேலை” என்றார், நல்ல மனிதர் மாதிரிதான்.

தங்கதுரை கும்பிட்டுவிட்டு, ஜீப்பைத் துடைத்துக்கொண்டிருந்த திம்மப்பனைக் கொல்லைப்புறம் வரச் சொன்னான்.

அங்கே காலி மருந்துப் பீப்பாய்கள் அடுக்கியிருந்தன. கிட்டே போனால் கண் எரியும். அதனால் யாரும் வர மாட்டார்கள்.

“இன்னிக்கு ஆஞ்சப்பனுக்கு நான் இடம் சொன்னேன்” என்றான் தங்கதுரை.

திம்மப்பனின் கையில் இருந்த துணி கீழே விழுந்தது. “என்ன சொன்னீங்க பாவா?”

அக்காள் புருஷனை அவர்கள் வீட்டில் அப்படித்தான் கூப்பிடுவார்கள். கல்யாணமான நாளிலிருந்து அந்தச் சொல்லில் ஒரு செல்லம் இருக்கும். இன்று அதில் பயம் மட்டும் இருந்தது.

“உனக்குச் சொன்னதையேதான்.”

“ஐயோ.” அவன் தங்கதுரையை மேலிருந்து கீழ்வரை பார்த்தான், எங்கேயாவது உடைந்திருக்கிறதா என்பதுபோல. “பட்டுச்சா?”

“சக்கரத்துல. தப்பிச்சேன்.”

“பாழாப்போன ஆபீசரு! நாளைக்கு வரக்கூடாது? ஒரே ஒரு நாளு நான் இல்லாம…” கையால் தலையில் அடித்துக்கொண்டான்.

“ஆக, உனக்குத் தெரியும். அதான் தினம் காலையில குறுக்க வந்து விழுந்தே.”

திம்மப்பன் தலையைக் குனிந்துகொண்டான்.

“நீ அன்னிக்குக் கம்பிக்கு அடியில நிக்கல. ஏரிக்கரை மேட்டுல நின்னே. நான் நிக்கச் சொன்ன இடத்துல நின்னே. ஆமாவா, இல்லையா?”

“ஆமா.”

“அப்புறம் ஏண்டா பொய் சொன்னே? எங்கம்மா ஒரு மாசமா உன்னத் தூங்குமூஞ்சின்னு திட்றா, குடிகாரன்னு திட்றா. எல்லாத்தையும் வாங்கிக்கிட்டு நிக்கிறே. ‘சின்னவரு சொன்னாரு, நின்னேன்’னு ஒரு வார்த்த சொல்லியிருந்தா உன் பக்கம் ஒரு கறையும் கிடையாதே! எனக்காகவா? உங்கக்கா தாலிக்காகவா?”

திம்மப்பன் குனிந்து அந்தத் துணியை எடுத்து மடித்தான்.

“சரி, விடு. நான் உள்ள போறேன். நடந்தத நடந்தபடி சொல்றேன். கொடி தப்பான இடத்துல இருந்தது, தப்பா அனுப்பினவன் நான். எங்கண்ணன் பேர்ல இருக்கற அழுக்கு இன்னிக்கே போகணும்.”

அவன் திரும்பினான். திம்மப்பன் பாய்ந்து குறுக்கே வந்து, இரண்டு கையாலும் அவன் தோளைப் பிடித்துக்கொண்டான்.

“பேட பாவா! வேண்டாம்! சொல்லாதீங்க!”

“கையை எடு.”

“நான் வாக்குக் குடுத்திருக்கேன்.”

“யாருக்கு? பார்வதிக்கா?”

“அக்காவுக்கு ஒண்ணும் தெரியாது.”

“பின்னே நாராயணப்பனுக்கா?”

திம்மப்பன் இல்லையென்று தலையசைத்தான். கண்ணில் நீர் கோத்துக்கொண்டிருந்தது. மருந்து நெடியோ வேறெதுவோ. வீட்டுக்குள்ளிருந்து அம்மாவின் குரல் வந்தது: “எய்யா துரை! ஆபீசர் காத்திருக்காருய்யா! வந்து உள்ளதச் சொல்லுய்யா!”

“யாருக்குடா குடுத்தே வாக்கு?”

“பெரியவருக்கு.”

“எப்போ?”

“கம்பி அறுந்து விழுந்த பொறவு.”

தங்கதுரைக்கு முதலில் புரியவில்லை. புரிந்தபோது, பின்னால் இருந்த பீப்பாயைப் பிடித்துக்கொண்டான்.

“மோதின உடனே போயிட்டாருன்னு சொன்னியே.”

“அதுவும் பொய்தான் பாவா. நான் ஓடிப்போறப்ப உசுரு இருந்துச்சு. பேச்சும் இருந்துச்சு. பெல்ட்ட அறுத்து வாய்க்கா மேட்டுல படுக்க வெச்சேன். ‘எங்கலே நின்னே?’ன்னு கேட்டாரு. ‘மேல வயல்லங்க, சின்னவரு சொன்னாரு’ன்னேன். அவரு கண்ண மூடிட்டாரு. போயிட்டாருன்னுதான் நெனச்சேன்.”

திம்மப்பன் தன் சட்டைக் கழுத்தை இறுகப் பிடித்துக்காட்டினான்.

“போகல. இப்படிப் புடிச்சு இழுத்து என் காதுல சொன்னாரு: ‘நீ கம்பிக்கு அடியிலதான் நின்னே. நான்தான் பாக்கல. எங்கம்மா கேட்டாலும் இதான். நீ நின்ன எடம் எந்தம்பி காதுக்கு மட்டும் போகவே கூடாது.’”